சந்திரபாபு: சிரிக்க வெச்ச மனுஷனோட சிரிக்காத கதை

தாம்பரம் - பீச் ரயில்ல இயர்போன் மாட்டிக்கிட்டுப் போறீங்களா? பிளேலிஸ்ட்ல சந்திரபாபு பாட்டு ஒண்ணாவது இருக்கும். இல்லைன்னா, கோடம்பாக்கம் ஸ்டேஷன் வர்றதுக்குள்ள ஒண்ணு சேர்த்துடுங்க.

1927-ல் தூத்துக்குடியில் பிறந்தவர். அப்பா சுதந்திரப் போராட்ட வீரர். ஆங்கிலேய அரசு குடும்பத்தையே இலங்கைக்கு அனுப்பியதால், கொழும்பில் வளர்ந்தார். 1943-ல் சென்னைக்குத் திரும்பியவருக்கு சினிமா மட்டும்தான் கனவு. 1947-ல் 'தன அமராவதி'யில் சின்ன வேடம் கிடைத்தது. அப்புறம்? கதவுகள் எல்லாம் மூடியே இருந்தன.

1952-ல் ஜெமினி ஸ்டுடியோவில் வாய்ப்பு கேட்டு அலுத்துப்போய், அங்கேயே உயிரை விட முயன்றார். காப்பாற்றிவிட்டார்கள். கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க... நாம இன்னிக்கு ரசிக்கிற சந்திரபாபு முழுக்க முழுக்க அந்த நாளுக்கு அப்புறம் வந்தவர்தான்!

மேற்கத்திய யோடலிங் பாணியைத் தமிழ்ப் பாட்டுக்குள் கொண்டுவந்தார். 'புதையல்' (1957), 'மரகதம்' (1959) பாடல்கள் இன்னும் புதுசாகவே இருக்கின்றன. 'சபாஷ் மீனா'வில் (1958) சிவாஜி பக்கத்தில் நின்று, இரட்டை வேடத்தில் அதகளம் பண்ணியிருப்பார். 'உள்ளத்தை அள்ளித்தா' உங்களுக்குப் பிடிக்குமா? அதோட தாத்தா இந்தப் படம்தான்.

உச்சியிலிருந்து சறுக்கலும் சீக்கிரமே வந்தது. கண்ணதாசன் தயாரிப்பில் ஹீரோவாக நடித்த 'கவலை இல்லாத மனிதன்' (1960) தோற்றது. எம்.ஜி.ஆரை வைத்து ஆரம்பித்த 'மாடி வீட்டு ஏழை' பாதியில் நின்றது. கடன் கழுத்தை நெரித்தது. 1966-ல் 'தட்டுங்கள் திறக்கப்படும்' படத்தை இயக்கினார். கதவு திறக்கவில்லை. திருமண வாழ்க்கையும் நிலைக்கவில்லை. மனதில் பட்டதைப் பட்டென்று பேசும் குணத்தால் பலரைப் பகைத்துக்கொண்டார். குடி மிச்சத்தையும் எடுத்துக்கொண்டது.

1974 மார்ச் 8-ல் இறந்தபோது வயது 46 தான். கடைசி ஆசைப்படி, நண்பர் எம்.எஸ்.விஸ்வநாதன் வீட்டில் உடல் கொஞ்ச நேரம் வைக்கப்பட்டது. பிறகு குயிபிள் தீவு கல்லறையில் அடக்கம்.

ஊரைச் சிரிக்க வைக்கிறவங்க நம்ம கேங்லயும் ஒருத்தர் இருப்பாங்க. இன்னிக்கு ஒரு போன் போட்டு, 'நீ எப்படி இருக்கே?'ன்னு கேளுங்க. உங்க மனசே பாரமா இருந்தா, 104-க்குக் கூப்பிடுங்க. கேட்க ஆள் இருக்காங்க!