காந்தி படம் எடுத்த தமிழர்

1934-ம் ஆண்டு ஜனவரி மாதம். தீண்டாமையை ஒழிக்க ஊர் ஊராகச் சுற்றி வந்த மகாத்மா காந்தி, திருநெல்வேலி ஜில்லாவுக்கும் வந்தார். தாமிரபரணிச் சீமை மக்கள் அவரைக் கண்ணாரக் கண்டார்கள்.

அந்தப் பாக்கியம் எல்லோருக்கும் கிடைக்குமா? பின்னால் பிறக்கப் போகிறவர்கள் காந்தியை எப்படிப் பார்ப்பார்கள்? அதற்கு வழி செய்தவர் ஒரு தமிழர். அவர்தான் ஏ.கே. செட்டியார்.

கப்பலில் தோன்றிய எண்ணம்

செட்டிநாட்டைச் சேர்ந்த கோட்டையூரில் 1911-ல் பிறந்தார் செட்டியார். இளம் வயதிலேயே பர்மா சென்று, "தனவணிகன்" பத்திரிகையின் ஆசிரியராக இருந்தார். பிறகு போட்டோக் கலை பயில ஜப்பானுக்குப் போனார். டோக்கியோவில் படித்தார். அதோடு நிற்கவில்லை. நியூயார்க் சென்று மேலும் படித்தார்.

1937 அக்டோபர் 2-ந் தேதி, காந்தியின் பிறந்த நாள். அன்று செட்டியார், நியூயார்க்கிலிருந்து டப்ளின் நகருக்குக் கப்பலில் போய்க் கொண்டிருந்தார். காந்தியின் வாழ்க்கையைப் படமாக்க வேண்டும் என்ற எண்ணம் அப்போது பிறந்தது. அவருக்கு 26 வயதுகூட நிரம்பவில்லை!

வேஷம் போட்டு நடிக்கும் படம் அல்ல அது. நடந்ததை நடந்தபடி காட்டும் டாக்குமெண்டரி படம்.

1 லட்சம் மைல்

காந்தியைப் பலர் படம் பிடித்திருந்தார்கள். ஆனால் அந்தப் படங்கள் உலகம் முழுவதும் சிதறிக் கிடந்தன. ஒரு துண்டு ஒரு நாட்டில். இன்னொரு துண்டு வேறொரு நாட்டில். தேடி எடுக்காவிட்டால் அவை அழிந்தே போயிருக்கும்.

செட்டியார் புறப்பட்டார். ஐரோப்பிய நாடுகளுக்குப் போனார். தென்னாப்பிரிக்காவுக்கும் போனார். அங்கேதான் இந்தியக் கூலித் தொழிலாளர்களின் உரிமைக்காகக் காந்தி முதன்முதலில் போராடினார். அவரோடு சிறை சென்றவர்களில் தமிழர்கள் ஏராளம். 1912-ல் கோகலே அங்கு வந்தபோது எடுத்த படமும் செட்டியாருக்குக் கிடைத்தது.

சுமார் 1 லட்சம் மைல் பயணம். 30 ஆண்டுகளில் 100 காமிராக்காரர்கள் எடுத்த படங்கள். மொத்தம் 50 ஆயிரம் அடி பிலிம் சேர்ந்தது. அதிலிருந்து பொறுக்கி எடுத்து, ஒரே படமாகத் தொகுத்தார்.

திரைக்கு வந்தது

1940 ஆகஸ்டு 23-ந் தேதி, தமிழ் விளக்கத்துடன் படம் வெளிவந்தது. பிறகு தெலுங்கிலும் வந்தது. அப்போது உலக யுத்தம் நடந்து கொண்டிருந்தது. நாட்டை ஆண்டவர்களோ வெள்ளையர்கள். அவர்களை எதிர்த்துப் போராடிக் கொண்டிருந்த தலைவரின் கதையை அவர்கள் ஆட்சியிலேயே காட்டுவதற்கு, நெஞ்சில் துணிவு வேண்டும். செட்டியாரிடம் அது இருந்தது.

விடுதலைக்குப் பிறகும் அவர் ஓயவில்லை. அமெரிக்காவின் ஹாலிவுட்டுக்குச் சென்று ஆங்கிலப் படமும் தயாரித்தார். அது 1953-ல் திரையிடப்பட்டது.

பெயரை நாடாதவர்

செட்டியார் நல்ல எழுத்தாளரும்கூட. பயண நூல்கள் பல எழுதினார். "உலகம் சுற்றிய தமிழர்" என்று மக்கள் அவரை அழைத்தார்கள். 1943-ல் "குமரி மலர்" பத்திரிகையைத் தொடங்கினார். எட்டயபுரத்துக் கவி பாரதியைப் பற்றிய அரிய பழைய செய்திகளைத் தேடி அதில் வெளியிட்டார். தேடுவதும், காப்பதும், ஊருக்குக் கொடுப்பதுமே அவர் வேலை. விளம்பரம் அவருக்குப் பிடிக்காது.

1983-ல் செட்டியார் காலமானார். அவர் தேடிச் சேர்த்த படத்துக்கே பின்னர் சோதனை வந்தது. பிரதிகள் எங்கே என்று பிறர் தேட வேண்டியதாயிற்று! கடைசியில் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் ஆங்கிலப் பிரதி கிடைத்தது.

காந்தி நடப்பதையும் சிரிப்பதையும் இன்றைய பிள்ளைகள் திரையில் பார்க்கிறார்கள். அந்தக் காட்சிகள் அழியாமல் இருக்கப் பாடுபட்டவர்களில் செட்டியாருக்குத் தனி இடம் உண்டு.