கோவை தந்த மேதை ஜி. டி. நாயுடு

நம் பாரதத் திருநாட்டில் பட்டம் பெற்ற விஞ்ஞானிகள் பலர் உண்டு. பட்டம் பெறாமலேயே விஞ்ஞானி எனப் போற்றப்பட்டவர்கள் மிகச் சிலரே. அவர்களுள் ஒருவர் ஜி. டி. நாயுடு.

1893ஆம் ஆண்டு மார்ச் 23ஆம் நாள் கோவையை அடுத்த கலங்கல் என்னும் சிற்றூரில் ஓர் உழவர் குடும்பத்தில் துரைசாமி பிறந்தார். பள்ளிப் படிப்பில் அவருக்கு நாட்டம் இல்லை. ஒரு நாள் ஆங்கில அதிகாரி ஒருவர் ஓட்டி வந்த மோட்டார் சைக்கிள் அவர் மனத்தைக் கவர்ந்தது. கோவைக்குச் சென்று உணவு விடுதியில் வேலை செய்து, சிறுகச் சிறுகப் பணம் சேர்த்து, அதை விலைக்கு வாங்கினார். ஓட்டி மகிழ்வதோடு நில்லாமல், பாகம் பாகமாகக் கழற்றி மீண்டும் பூட்டினார். அதுவே அவர் பயின்ற கல்லூரி எனலாம்.

1920ஆம் ஆண்டு ஒரே ஒரு பேருந்தைப் பொள்ளாச்சிக்கும் பழநிக்கும் இடையே ஓட்டத் தொடங்கினார். அது யூ.எம்.எஸ். என்னும் பெரிய போக்குவரத்து நிறுவனமாக வளர்ந்தது. 1937இல் கோவை பீளமேட்டிலிருந்த அவரது தொழிற்சாலையில், பாலசுந்தரம் நாயுடுவின் துணையோடு, உள்நாட்டிலேயே மின் மோட்டார் உருவாயிற்று. 1945இல் ஆர்தர் ஹோப் பெயரால் கோவையில் தொழில்நுட்பக் கல்லூரி தோன்றியபோது, அதற்கு அவர் பெரிதும் துணை நின்றார். அரசும் தொழிலதிபரும் கைகோத்ததால் விளைந்த நன்மை இது.

ஆனால் கார் விஷயத்தில் அந்தக் கைகள் இணையவில்லை. 1952ஆம் ஆண்டு இருவர் அமரக்கூடிய சிறிய பெட்ரோல் கார் ஒன்றை நாயுடு உருவாக்கினார். விலை 2,000 ரூபாய்தான்! அப்போது நம் காரைக்காலில் பிரெஞ்சுக் கொடியே பறந்துகொண்டிருந்தது. இந்தியாவிலோ, 1951ஆம் ஆண்டுச் சட்டப்படி பெரிய தொழில் தொடங்க அன்று அரசின் உரிமம் வேண்டியிருந்தது. நாயுடுவின் காருக்கு அது கிடைக்கவில்லை. உற்பத்தி நின்றது.

அரசு கார்த் தொழிலை அடியோடு புறக்கணித்தது என்று கூற இயலாது. பாகங்களை இங்கேயே செய்ய முன்வந்த சில நிறுவனங்களுக்கு அது பாதுகாப்பு அளித்தது. கல்கத்தாவில் ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ், பம்பாயில் பிரீமியர், சென்னையில் ஸ்டாண்டர்டு ஆகியவை அவ்வாறு வளர்ந்தன. போட்டி குறைவாக இருந்ததால், கார் வாங்கப் பதிவு செய்தவர்கள் ஆண்டுக்கணக்கில் காத்திருந்தனர்.

நாயுடு 1974ஆம் ஆண்டு ஜனவரி 4ஆம் நாள் மறைந்தார். அதன்பின், 1981இல் மத்திய அரசு மாருதி நிறுவனத்தைத் தொடங்கியது. மறு ஆண்டு ஜப்பானின் சுசுகி நிறுவனத்துடன் ஒப்பந்தம் செய்துகொண்டது. 1983 டிசம்பரில் நடுத்தரக் குடும்பங்களுக்கு ஏற்ற சிறிய கார் வெளிவந்தது. அரசும் தொழிற்சாலையும் சேர்ந்து உழைத்தால் என்ன நடக்கும் என்பதற்கு இதுவே சான்று. சிறிய காரைப் பற்றி நாயுடு கண்ட கனவு தவறன்று. அது 31 ஆண்டுகள் காத்திருக்க நேர்ந்தது.

அன்புச் சகோதரிகளே! விவிலியத்தில் வரும் தாலந்து உவமையை நாம் அறிவோம். அதில் ஊழியன் தானே அச்சத்தால் தாலந்தைப் புதைத்தான். நாயுடுவோ தம் தாலந்தைப் புதைக்கவில்லை, பெருக்கவே விரும்பினார். வழிதான் திறக்கவில்லை. ஆகவே, திறமையை வளர்ப்பது நம் கடமை என்றால், பிறர் திறமைக்கு வழிவிடுவதும் நம் கடமையே. நாளை நம்மில் சிலர் அரசு அலுவலகங்களில் அமர்ந்து உரிமம் வழங்கும் நிலையில் இருக்கலாம். அப்போது நம் மேசைக்கு வரும் விண்ணப்பத்தில் ஒரு நாயுடு இருக்கிறாரா என்று ஒரு கணம் நின்று பார்ப்போமாக!

— பத்தாம் வகுப்பு மாணவி