முழுமதியை எண்ணிய மன்னர்

தெமட்டகொடையில் வாழ்வோர் போயா தினத்தை அறிய நாட்காட்டியைப் புரட்ட வேண்டியதில்லை. இறைச்சிக் கடைகள் அடைபட்டிருக்கும். வெள்ளை உடுத்த அடியார்கள் காலையிலேயே மாளிகாகந்தைப் பக்கம் நடக்கத் தொடங்குவர். நம் இல்லங்களிலோ நிலைமை வேறு. வாக்கிய பஞ்சாங்கம் ஒன்று கூற, திருக்கணிதம் மற்றொன்று கூற, விரதம் இன்றைக்கா நாளைக்கா என்று பெரியோர் திகைப்பதுண்டு. திகைப்பு ஒரு நாளோடு தீர்ந்துவிடும், நாமும் மறந்துவிடுவோம். அவ்வாறு மறக்க இயலாத ஒருவர் சென்ற நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டிலே சயாம் தேசத்தில் வாழ்ந்தார். தாம் சார்ந்த துறவியர்க்கெனப் புதிய நாட்கணக்கு ஒன்றையே அவர் ஆக்கிக் கொடுத்தார். பின்னாளில் அந்நாட்டின் முடியையும் சூடிய மொங்குட் என்பவரே அவர்.

உலகம் அவரை அறிந்திருப்பது பெரும்பாலும் தவறான வழியாலேதான். அரண்மனைப் பிள்ளைகளுக்குக் கல்வி கற்பிக்கச் சென்ற அன்னா லியோனோவன்ஸ் என்னும் மாதின் நூலிலிருந்து நாடகமும், 1956இல் வெளிவந்த திரைப்படமும் பிறந்தன. அவற்றிலே வரும் மன்னர் ஆடிப் பாடிக் கோபிக்கும் விளையாட்டுப் பொம்மை. இருபத்தேழு ஆண்டு சீவர ஆடையில் வாழ்ந்து, பாளியும் இலத்தீனும் ஆங்கிலமும் கற்ற அறிஞரை அங்கே தேடினாலும் காண இயலாது.

இரண்டாம் இராமா மன்னரின் மகனாக 1804 ஒக்டோபர் 18ஆம் நாள் பிறந்த மொங்குட், நாட்டு வழக்கப்படி இருபதாவது வயதில் துறவு பூண்டார். சில நாட்களிலேயே தந்தை காலமானார். அரியணையோ வயதில் மூத்தவரும் ஆட்சி அனுபவம் மிக்கவருமான வேறொரு தாயின் மகனுக்குச் சென்றது. சிறிது காலத்துக்கென உடுத்த காவியை இளவரசர் களையவில்லை. அரசியல் சூழ்ச்சியிலிருந்து விலகி நிற்க அது தக்க அரணாயிருந்தது என்பர். ஆயின் அரணுக்குள் அவர் சும்மா இருந்தாரல்லர்.

தம்மைச் சூழ்ந்த பிக்குமாரின் ஒழுக்கம் விநய நூல்களோடு ஒத்திருக்கிறதா என்ற ஐயம் அவரை வாட்டியது. மொன் இனத்துத் தேரர் ஒருவரின் கட்டுப்பாடான வாழ்வைக் கண்டபின் அந்த ஐயம் உறுதியாயிற்று. ஒத்த கருத்தினர் அவரைச் சூழ்ந்தனர். தம்மயுத்த நிக்காயம் என்னும் புதிய சங்கம் உருவாயிற்று. பின்னர் பாங்கொக்கில் போவொன்னிவெட் விகாரையின் தலைமையும் அவருக்குக் கிடைத்தது.

நாட்கணக்கு இங்கேதான் நுழைகிறது. உபோசத நாளிலே ஓர் எல்லைக்குட்பட்ட பிக்குமார் யாவரும் ஒன்றுகூடிப் பாதிமோக்க விதிகளை ஓதவேண்டும். மழைக்கால வாசமாகிய வஸ், ஆசாட முழுமதிக்கு மறுநாள் தொடங்கும். ஒரு பிக்குவின் மூப்பு அவர் கழித்த வஸ் எத்தனை என்பதைக் கொண்டே எண்ணப்படும். நாள் பிழைத்தால் சடங்கும் பிழைக்கும். சயாமிய வழக்குப் பஞ்சாங்கமோ 29 நாளும் 30 நாளுமாக மாதங்களை மாற்றி மாற்றி வைப்பது. சராசரி இருபத்தொன்பதரை நாள். உண்மையான சந்திர மாதம் அதனினும் சுமார் 44 நிமிடம் நீண்டது. ஏறத்தாழ முப்பத்துமூன்று மாதத்தில் ஒரு நாள் பிறழ்ந்துவிடும். இடையிடையே அதிக நாளைச் சேர்த்துச் சரிசெய்தனர். ஆயினும் ஏட்டிலே பௌர்ணமியாகவும் வானிலே பௌர்ணமியல்லாததாகவும் இருக்கும் இரவுகள் வந்துகொண்டேயிருந்தன.

இந்தச் சில்லறைப் பின்னத்தின் தொல்லையை நம் நாட்டவரும் பட்டறிந்துள்ளனர். 1966 முதல் 1971 வரை ஞாயிற்றுக்கிழமைக்குப் பதிலாகப் போயா தினமே இங்கு வார விடுமுறையாயிருந்தது. சந்திரனின் கால்பகுதி ஏழு நாளில் அடங்காது. எனவே வாரம் ஒருமுறை ஏழு நாளாகவும் மறுமுறை எட்டு நாளாகவும் நீண்டு, கணக்கெழுதுவோரைக் கலங்க வைத்தது.

மொங்குட் மாதத்தை விட்டுப் பட்சத்தைப் பிடித்தார். அவர் வகுத்த முறைக்குப் பக்ககணனா, அதாவது பட்சக் கணிப்பு, என்று பெயர். பட்சம் பதினைந்து நாள் அல்லது பதினான்கு நாள். நான்கு பட்சங்களோ ஐந்து பட்சங்களோ சேர்ந்து ஒரு தொகுதி. ஒவ்வொரு தொகுதியிலும் ஒரு பட்சம் மட்டும் ஒரு நாள் குறையும். அத்தொகுதிகளும் அவ்வாறே மேலும் பெரிய தொகுதிகளில் அடங்கும். இவையனைத்தையும் ஒரு பலகையில் வரிசைகளாக அமைத்தார். நாள்தோறும் முளையை ஓரிடம் நகர்த்தி வந்தாற் போதும். பெருங்கணிதம் அறியாத பிக்குவும் மதியின் உண்மை நிலையைத் தவறாது பின்தொடரலாம். வாக்கியங்களை மனனம் செய்து கிரகநிலை கூறிய நம் முன்னோரின் கணித மரபை அறிந்தவர்க்கு இதன் அருமை விளங்கும்.

இலங்கைக்கு இதில் தொடர்பில்லையென்று எண்ணற்க. 1753இல் கண்டியிலே உபசம்பதையை மீண்டும் நிலைநாட்டியவர் சயாமிலிருந்து வந்த உபாலி தேரர். வருவித்தவர் நாயக்கர் வழிவந்த கீர்த்தி ஸ்ரீ இராஜசிங்கன். அந்த உறவைப் புதுப்பித்தவர் மொங்குட். 1840களில் அவரது சங்கத்தார் இங்கு வந்து பாளி ஏடுகளைப் பெற்றுச் சென்றனர். இலங்கைத் தேரர்களோடு அவர் பாளியிலே கடிதத் தொடர்பும் வைத்திருந்தார். அடுத்த பத்தாண்டில் தென்னிலங்கையிலும் அதிகமாச விவாதம் மூண்டது. பெந்தரை அத்ததஸ்ஸி தேரர், மிகுமாதத்தைச் சேர்க்கும் முறை தவறானதென்று வாதிட்டார். சங்கம் இருபிரிவாய் நின்று வழக்காடியது.

1851இல் தமையனார் மறைய, நாற்பத்தாறு வயதுத் துறவியை அரியணை அழைத்தது. இனி அவர் சொல்லே சட்டம். தம்மயுத்தத்தார் மொன் முறையில் சீவரம் அணிந்தது பிளவுக்குக் காரணமாகும் என்று தமையனார் இறுதி நாட்களில் வருந்தியதற்கிணங்க, அவ்வழக்கத்தைக் கைவிடச் செய்தார். நாட்கணக்கை மாத்திரம் அவர் கைவிடவுமில்லை, நாடு முழுவதும் திணிக்கவுமில்லை. பெரும்பான்மைச் சங்கம் பழைய பஞ்சாங்கத்தோடே நின்றது. தாய்லாந்தில் இரு நிக்காயத்தாரின் உபோசதமும் இன்றுங்கூடச் சிலவேளை ஒரு நாள் விலகி வருவதுண்டு. இதை அவரது தோல்வியென்று கூறுவோருக்கு நான் உடன்படேன். வாள்முனையில் பௌர்ணமியை நாட்டுவது அவருக்கு எளிதாயிருந்திருக்கும்.

வானத்தோடு அவர் கொண்ட உறவு அரண்மனையிலும் அறவில்லை. 1868 ஓகஸ்ட் 18ஆம் நாள் முழுச் சூரிய கிரகணம் நிகழும் என்றும், தெற்கே கடலோரத்தில் வாகோ என்னுமிடத்தில் தெளிவாய்த் தோன்றும் என்றும் கணித்தார். அரசவைச் சோதிடர் நம்பவில்லை. காட்டை வெட்டிக் கூடாரங்கள் அமைத்து, பிரெஞ்சு வானியலாரையும் சிங்கப்பூரிலிருந்து ஆளுநர் சேர் ஹரி ஓர்டையும் விருந்தினராக வரவழைத்தார். அதே நிழல்தான் அன்று ஆந்திரத்துக் குண்டூரையும் கடந்தது. அங்கே ஜான்சென் என்னும் பிரெஞ்சு அறிஞர் நிறமாலைக் கருவியோடு காத்திருந்தார். வாகோவில் காலையில் முகில் மூடியிருந்தது. உரிய வேளையில் விலகிற்று. ஆறு நிமிடங்களுக்கு மேலாகப் பகல் இரவாயிற்று. இராகு விழுங்கியதென்று அஞ்சிய மக்கள் நடுவே மன்னரின் கணக்குப் பலித்தது.

சதுப்புக் காட்டின் கொசு அந்த வெற்றிக்கு விலை கேட்டது. மன்னரும் இளவரசர் சூலலொங்கோர்னும் மலேரியாக் காய்ச்சலோடு திரும்பினர். பதினைந்தாண்டு நிரம்பாத மகன் தப்பினார். தந்தையின் நிலை நாளுக்கு நாள் தளர்ந்தது. 1868 ஒக்டோபர் 1ஆம் நாள், வியாழக்கிழமை, முழுமதி. வஸ் நிறைவுறும் பவாரணைத் திருநாள். தம்மிடம் கண்ட குற்றங்களை எடுத்துரைக்குமாறு பிக்குமார் ஒருவரையொருவர் வேண்டிக்கொள்ளும் நாள் அது. தாம் அறிந்தும் அறியாமலும் செய்த பிழைகளைப் பொறுக்குமாறு வேண்டி, சங்கத்தாருக்குப் பாளியிலே ஒரு விடைமடல் எழுதுவித்தார். விகாரைகளில் பவாரணை நடந்த அன்றிரவே அவர் உயிர் பிரிந்தது.