அள்ளிக் கொடுத்த சித்தூர் நாகையா

பழைய தமிழ்ப் படம் பார்க்கிறவர்களுக்கு நாகையாவைத் தெரியாமல் இருக்காது. 1941-ல் வந்த 'அசோக்குமார்' படத்தில் பாகவதருக்குத் தந்தையாக, அசோகச் சக்கரவர்த்தியாக நடித்தவர். 1945-ல் 'மீரா'வில் எம்.எஸ். சுப்புலட்சுமியின் கணவர் ராணாவாக வந்தவரும் அவர்தான்.

பிறந்தது 1904-ல், ரேப்பள்ளியில். படித்தது திருப்பதி தேவஸ்தான உதவித்தொகையில். சர்க்கார் ஆபீசில் குமாஸ்தாவாகவும், பிறகு பத்திரிகையிலும் கொஞ்ச காலம் இருந்தார். சித்தூர் ராமவிலாச சபா நாடகங்களில் பாடி நடித்ததில் ஊர்ப் பெயர் அவரோடு ஒட்டிக்கொண்டது. மாதச் சம்பளத்தை விட்டுவிட்டு நாடகத்துக்குப் போவது லேசான காரியமா?

1938-ல் 'கிருகலட்சுமி' முதல் படம். பாட்டைத் தனியே பதிவு செய்து வாயசைக்கும் வழக்கம் முழுதாகப் பரவாத காலம் அது. காமிரா ஓடும்போதே நடிகர் பாடவேண்டும். வாத்தியக்காரர்கள் காமிரா கண்ணில் படாமல் மரத்துக்கும் தூணுக்கும் பின்னால் பதுங்கி வாசிப்பார்கள். ஒரு சொல் தடுக்கினால் மறுபடி முதலிலிருந்து. ஓடின பிலிம் நஷ்டம். நாடக மேடையில் பழகிய தொண்டை அங்கேதான் கைகொடுத்தது. வேடிக்கை என்னவென்றால், தெலுங்கில் பின்னணிப் பாட்டுக்கு முதல் உதாரணமாகச் சொல்லப்படும் 'பாக்யலட்சுமி' (1943) நாகையாவே தயாரித்த படம். கமலா கோட்னிசுக்காக அதில் ராவ் பாலசரஸ்வதி பாடினார்.

1942-ல் 'பக்த போதனா', 1946-ல் 'தியாகய்யா', 1947-ல் 'யோகி வேமனா'. ஜனங்கள் அவரை நடிகராகப் பார்க்கவில்லை, மகானாகவே பார்த்தார்கள். வேஷம் கலைத்த பிறகும் அவரால் அதிலிருந்து வெளியே வர முடியவில்லையோ என்னவோ! ஒரு படத்துக்கு லட்ச ரூபாய் வாங்கியவர் என்று சொல்வதுண்டு. வந்த பணம் வீட்டில் தங்கவில்லை. கேட்டவனுக்கெல்லாம் கொடுத்தார். வந்தவனுக்கெல்லாம் சோறு போட்டார்.

மிச்சம் இருந்ததை 'ராமதாசு' கொண்டுபோயிற்று. சர்க்கார் பணத்தில் பத்ராசலத்தில் கோயில் கட்டி, கோல்கொண்டா சிறையில் கிடந்த தாசில்தாரின் கதை. நாகையா சொந்தப் பணத்தைக் கொட்டி, தாமே இயக்கி, நடித்தார். இழுத்துக்கொண்டே போய் 1964-ல் வெளிவந்தது. கைப்பணம் திரும்பவில்லை. மறு வருஷம் பத்மஸ்ரீ வந்தது; அதை வைத்து உலை வைக்க முடியாதே!

1958-ல் 'சம்பூர்ண ராமாயணம்' படத்தில் தசரதராக அழவைத்தவர், பிறகு கிடைத்த சின்ன வேஷங்களையெல்லாம் ஒப்புக்கொண்டார். ஒரு காலத்தில் கதாநாயகனாக நின்ற ஸ்டூடியோக்களிலேயே, ஓரிரு காட்சிக்கு வரும் முனிவராகவும், பெண்ணைப் பெற்ற ஏழைத் தகப்பனாகவும் நின்றார். அந்தத் தகப்பன் வேஷத்துக்கு மட்டும் அதிகம் நடிக்க வேண்டியிருந்திராது.

1973 டிசம்பர் 30-ந் தேதி காலமானார். சென்னை தியாகராய நகர் பனகல் பார்க்கில் அவருக்குச் சிலை வைத்தார்கள்.