திரைக்குப் பின்னே நின்ற செர்ஜியோ அமிதேய்

ஒரு படம் நன்றாக ஓடினால் நடிகருக்குப் பெயர் வரும். டைரக்டருக்கும் பெயர் வரும். கதை எழுதியவர் யார் என்று கேட்பவர்கள் சிலரே.

இத்தாலி நாட்டுச் சினிமாவின் புகழை உலகெங்கும் பரப்பிய ஒருவர் இப்படித்தான் மறைந்து நின்றார். அவர் பெயர் செர்ஜியோ அமிதேய்.

1904-ம் ஆண்டு அக்டோபர் 30-ந் தேதி, திரியெஸ்தே என்னும் துறைமுகப் பட்டினத்தில் அவர் பிறந்தார். அப்போது அவ்வூர் ஆஸ்திரியப் பேரரசின் கீழ் இருந்தது. முதல் உலகப் போருக்குப் பிறகே இத்தாலியோடு சேர்ந்தது.

அமிதேய் ரோமாபுரிக்குச் சென்று திரைக்கதை எழுதலானார். அது முசோலினியின் சர்வாதிகார ஆட்சி. நாட்டு மக்களின் வறுமையைப் படத்தில் உள்ளபடி காட்ட வழியில்லை.

கூரை வழியே தப்பினார்

1943 செப்டம்பரில் ஜெர்மானியப் படை ரோமாபுரியைப் பிடித்தது. ஒன்பது மாதம் நகரம் நடுங்கியது. தெருவில் போன ஆண்களை வளைத்துப் பிடித்து வேலைக்கு இழுத்துச் சென்றார்கள். எதிர்த்தவர்களைச் சித்திரவதை செய்தார்கள்.

அமிதேய் எதிர்ப்பு இயக்கத்தில் சேர்ந்திருந்தார். ஒரு நாள் ஜெர்மானியர் அவரைத் தேடி வீட்டுக்கே வந்துவிட்டார்கள். அவர் மாடிக்கு ஓடி, கூரை வழியாகத் தப்பினார்.

எல்லோரும் அப்படித் தப்பவில்லை. அந்நகரில் தெரேசா குல்லாச்சே என்ற தாய் இருந்தார். அவருக்கு ஐந்து பிள்ளைகள், வயிற்றில் இன்னொன்று. அவருடைய கணவரைப் பிடித்துப் பட்டாளத்தார் இருப்பிடத்தில் அடைத்துவிட்டார்கள். 1944 மார்ச் 3-ந் தேதி கணவரைக் காண அந்த அம்மாள் நெருங்கினார். ஜெர்மானியச் சிப்பாய் ஒருவன் அவரைச் சுட்டுக் கொன்றான்.

அடுத்த மாதம், இயக்கத்துக்கு உதவிய மொரோசினி என்ற பாதிரியாருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது.

கண்ணீர் கதையாயிற்று

1944 ஜூன் 4-ந் தேதி நேச நாட்டுப் படைகள் ரோமாபுரியை மீட்டன. கண்ட துயரங்களை அமிதேய் கதையாக்கினார். பிற்காலத்தில் புகழ் பெற்ற பெலினி உடன் இருந்து எழுதினார். ரொஸெலினி டைரக்ட் செய்தார்.

படத்தின் பெயர் ‘ரோம், திறந்த நகரம்’. போரில் தாக்கப்படாமல் விடவேண்டும் என்று அறிவிக்கப்பட்ட நகரமே திறந்த நகரம். ரோமாபுரிக்கு அந்தப் பெயர் இருந்தது, பாதுகாப்புத்தான் இல்லை.

1945 ஜனவரியில் படப்பிடிப்பு ஆரம்பமாயிற்று. வட இத்தாலியில் போர் இன்னும் ஓயவில்லை. சினெசித்தா என்ற பெரிய ஸ்டூடியோவில் அகதிகள் தங்கியிருந்தார்கள். பிலிம் கிடைப்பதே அரிது. ஆகவே உண்மையான தெருக்களிலேயே பல காட்சிகளை எடுத்தார்கள்.

அமிதேய் தப்பி ஓடியது முதற் காட்சிகளில் ஒன்றாயிற்று. தெரேசா அம்மாள் ‘பீனா’ என்ற பாத்திரமானார். மணக்க இருந்தவனை லாரியில் ஏற்றிச் செல்கிறார்கள். பீனா கதறிக்கொண்டு பின்னால் ஓடுகிறாள். துப்பாக்கி வெடிக்கிறது. அவளுடைய சிறு மகன் பார்த்திருக்கவே தெருவில் விழுகிறாள். ஆனா மாஞ்ஞானி நடித்த அந்தக் காட்சி உலகையே கலங்க வைத்தது.

1946-ல் பிரான்சு நாட்டுக் கான் நகர விழாவில் பரிசு பெற்ற படங்களில் இதுவும் ஒன்று. 1952-ல் பம்பாயில் தொடங்கிய இந்தியாவின் முதல் சர்வதேசப் பட விழாவிலும் இது இடம் பெற்றது. அவ்விழா சென்னைக்கும் வந்தது.

நான்கு முறை

அமிதேய் பங்கு கொண்ட நான்கு திரைக்கதைகள் அமெரிக்க ஆஸ்கார் பரிசுப் போட்டிக்குத் தேர்வாயின. ஒருமுறைகூடப் பரிசு கிட்டவில்லை. அவர் எழுதுவதை நிறுத்தவில்லை. விடுமுறை நாளில் கடற்கரைக்குப் போகும் சாதாரண ஜனங்களைக்கூட, ‘ஆகஸ்டு மாத ஞாயிறு’ என்ற 1950-ம் ஆண்டுப் படத்தில் கதாபாத்திரங்களாக்கினார்.

1981 ஏப்ரல் 14-ந் தேதி அமிதேய் காலமானார். கோரிசியா என்ற நகரில், சிறந்த திரைக்கதைக்கு அவர் பெயரால் பரிசு வழங்கப்படலாயிற்று.

அமிதேயின் பெயரை அறியாதவர்கள் உலகில் ஏராளம். ஆனால் லாரியின் பின்னே ஓடிய பீனாவைப் பார்த்தவர்கள் மறப்பதில்லை. அவளை மறக்காதவரை, ரோமாபுரித் தெருவில் உயிர்விட்ட அந்தத் தாயும் மறக்கப்பட மாட்டாள்.