பெயர் பொறித்த முதற் புலவர்

இற்றைக்கு ஏறத்தாழ 4300 ஆண்டுகளுக்கு முன்னர், இன்றைய ஈராக்கின் தென்பகுதியில் விளங்கிய ஊர் என்னும் பழம்பெரு நகரில் வாழ்ந்தவர் என்ஹெதுவன்னா. அக்காத் பேரரசர் சர்கோனின் மகளாகிய இவர், சந்திரக் கடவுளின் கோயிலில் தலைமைப் பூசகராகத் திகழ்ந்தார்.

பாடியோர் பெயர் விளங்காத அக்காலத்தில், இனன்னா தேவியைப் போற்றும் பாடலுள் இவர் பெயர் இடம்பெற்றது. லுகல்-அனே என்பவன் தம்மைப் பதவியினின்றும் அகற்றித் துரத்திய துயரை அதில் முறையிடுகின்றார். கோயில்களைப் பற்றிய 42 பாடல்களின் தொகுப்பாசிரியரும் இவரே எனச் சுட்டப்படுகின்றார்.

கிடைத்துள்ள களிமண் ஏடுகளோ பல நூற்றாண்டுகள் கழித்துப் படியெடுக்கப்பட்டவை. ஆதலின், இவற்றை இவர்தாம் இயற்றினாரா என ஐயுறும் அறிஞரும் உளர். எனினும், 1927ஆம் ஆண்டில் லியோனார்ட் வூலி ஊர் நகரில் அகழ்ந்தெடுத்த வட்டக்கல் இவர் உருவையும் பெயரையும் தாங்கி நிற்கின்றது. துரத்தப்பட்டவரின் பெயர் நிலைத்துவிட்டது. துரத்தியவன் பெயரும் அப்பாட்டில் இடம்பெற்றுள்ளதன்றோ!