1.5 × 10⁸: சூரியனின் தூரத்தை அளக்க புதுச்சேரி வந்த லெ ஜான்டிக்கு என்ன ஆச்சு?

நோணாங்குப்பம் பக்கம் கடற்கரையில் நின்று சூரிய உதயத்தை போனில் பிடிக்கிறோம். அந்தச் சூரியன் சராசரியாக 14,95,97,871 கி.மீ. தூரத்தில் இருக்கிறது. அறிவியல் குறியீட்டில் 1.496 × 10⁸ கி.மீ. இந்த ஒரு எண்ணுக்காக 11 வருஷம் அலைந்தவர் கியோம் லெ ஜான்டி. 1725-ல் பிரான்ஸின் குத்தான்ஸ் ஊரில் பிறந்த வானியலாளர்.

அறிவியல் குறியீடு ரொம்ப சிம்பிள். முன்னால் 1-க்குக் குறையாத, 10-ஐ எட்டாத ஓர் எண். பின்னால் பத்தின் அடுக்கு. லட்சம் 10⁵, கோடி 10⁷. எவ்வளவு பெரிசு என்பதை அடுக்கு சொல்லும். எவ்வளவு துல்லியம் என்பதை முன்னால் இருக்கும் எண் சொல்லும்.

1672-லேயே காசினி சூரியனின் தூரத்தை சுமார் 14 கோடி கி.மீ. என்று கணக்கிட்டிருந்தார். அதாவது 1.4 × 10⁸. ஆக, அடுக்கு 8 என்பது தெரிந்த விஷயம். சிக்கல் முன்னால் இருந்த 1.4-ல்தான். அது 1.5 ஆனால் ஒரு கோடி கி.மீ. வித்தியாசம்!

அதைத் தீர்க்க ஒரு வழி இருந்தது. வெள்ளிக் கோள் சூரியனைக் கடக்கும் நேரத்தைப் பூமியின் பல இடங்களில் இருந்து அளந்து ஒப்பிட வேண்டும். இந்தக் கடப்பு 8 வருஷ இடைவெளியில் இரண்டு முறை வரும். அப்புறம் நூறு வருஷத்துக்கு மேல் வராது.

1760-ல் லெ ஜான்டி புதுச்சேரிக்குக் கப்பல் ஏறினார். வழியிலேயே செய்தி வந்தது: ஊர் ஆங்கிலேயர் கையில். கப்பல் திரும்பியது. 1761 ஜூன் 6 அன்று நடுக்கடலில் வெள்ளியைப் பார்த்தார். ஆனால் ஆடுகிற கப்பலில் நேரத்தைச் சரியாக அளக்க முடியாதே.

சரி, அடுத்ததைப் பார்த்துவிட்டே போவோம் என்று இந்தப் பக்கமே தங்கிவிட்டார். மணிலா போய், 1768-ல் புதுச்சேரி வந்து, இடிந்த கோட்டையில் ஆய்வுக்கூடம் அமைத்தார்.

காத்திருந்த மாதங்களில் உள்ளூர்த் தமிழர்களிடம் கிரகணக் கணிப்பு படித்தார். என்னைக் கேட்டால், அவர் கதையில் இதுதான் பெஸ்ட் பகுதி. கலியுகம் தொடங்கி அப்போது 17 லட்சத்து 78 ஆயிரத்துச் சொச்சம் நாட்கள் கடந்திருந்தன. இன்றைய பாணியில் 1.778 × 10⁶. தமிழ்க் கணக்கர்கள் சந்திரனின் இடத்தைக் கணிக்க, அதிலிருந்து 16,00,984 நாட்களை மொத்தமாகக் கழிப்பார்கள். மிச்சத்தை 12,372, 3,031, 248 என்று கட்டுக்கட்டாக எடுப்பார்கள். கடைசியில் கையில் நிற்பது 248-க்கும் குறைவான நாட்கள். அதற்கு மனப்பாட வாக்கியம் இருக்கும். பேப்பர் கிடையாது, தரையில் சோழிதான். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் எவ்வளவு நேரம் நீடிக்கும் என்பதில் தமிழ்க் கணக்கு 41 விநாடிதான் குறைந்தது. ஐரோப்பாவின் மேயர் அட்டவணையோ 68 விநாடி கூட்டிச் சொன்னது.

1769 ஜூன் 4. முந்தின ராத்திரி வானம் பளிச். விடியும்போது மேகம். கடப்பு முடிந்த பிறகுதான் சூரியன் வெளியே வந்தது. அவர் விட்டுவந்த மணிலாவில் அன்று வானம் தெளிவு! இரண்டு வாரத்துக்கு மேல் அவருக்கு எழுதவே மனசு வரவில்லை.

மற்றவர்களின் அளவீடுகளைக் கொண்டு 1771-ல் லலாந்து கண்ட விடை சுமார் 1.53 × 10⁸ கி.மீ.

அதே வருஷம் லெ ஜான்டி வீடு திரும்பினார். அங்கே ஆள் செத்துவிட்டதாக முடிவுகட்டி, வாரிசுகள் சொத்தைப் பிரிக்கக் கிளம்பியிருந்தார்கள். அகாடமியில் அவர் இடமும் போயிருந்தது. போராடி அகாடமிக்குள் மறுபடி நுழைந்தார். கல்யாணம் ஆனது, ஒரு மகள் பிறந்தாள். தமிழர்களின் கிரகணக் கணக்கையும் சேர்த்துப் பயண நூலை இரண்டு தொகுதிகளாக வெளியிட்டார். 1792-ல் பாரிஸில் காலமானார்.